மாட்டாஸ்பத்திரியின் ஆழம்

கோவில்பட்டி,
14.11.1999

கிருஷ்ணகிரிச் சீமையின் பொறியியல் மகாராணியும் என் அக்கா மகளுமாகிய இசக்கிச்செல்விக்கு,

சிமெண்டுக் குலதிலகம், செங்கல் சக்கரவர்த்தி, தற்சமயம் முடி இழந்து மாடியறையில் முடங்கிக் கிடக்கும் உன் தாய்மாமன் பூவனநாதன் எழுதிக்கொள்வது. நலமா என்று கேட்க மாட்டேன். கேட்டால் சண்டை தீர்ந்துவிட்டது என்று நினைத்துக்கொள்வாய். தீரவில்லை. பதிமூன்று மாதமாக உன்னோடு பேசாததில் என் நாக்கில் புல் முளைத்துவிட்டது. அதை மேய இரண்டு ஆடு வந்துபோகிறது. ஆனாலும் எழுத வேண்டியதாகிவிட்டது.

நேற்று பதிவுத் தபால் வந்தது. சுந்தரநாச்சிபட்டி மாட்டாஸ்பத்திரி வழக்கைத் தீர்க்க நடுவர் போட்டிருக்கிறார்களாம். பெயர் ஜெபதுரை. விசாரித்தால் அவரும் இதே துறையில் வேறு வட்டத்துக்கு மேற்பார்வைப் பொறியாளர். பணம் தர மாட்டேன் என்பவர் இஞ்சினியர். தரலாமா என்று தீர்ப்புச் சொல்பவர் இஞ்சினியர். தர வேண்டாம் என்பதற்குச் சாட்சியும் இஞ்சினியர். அந்த அறையில் மனிதன் என்று இருக்கப்போவது நான் ஒருவன்தான். சாட்சிப் பட்டியலில் முதல் பெயர் உன்னுடையது.

நீ மறந்திருப்பாய், ஞாபகப்படுத்துகிறேன். துறையின் எஸ்டிமேட்டில் அஸ்திவாரம் ஐந்தடி. எங்கோ செம்மண் ஊரில் மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து எழுதிய ஐந்தடி. நம் கரிசல் அப்படியா? வெயிலில் பிளந்தால் ஆட்டுக்குட்டி உள்ளே விழும். மழையில் பொங்கினால் சுவரைத் தூக்கித் தோளில் வைத்துக்கொள்ளும். அதனால் அடியில் கெட்டியான சுக்கான் பாறை தட்டும்வரை தோண்டி, கரிசலை வாரி வெளியே கொட்டி, ஐந்தடி மட்டம்வரை வைப்பாற்று மணலால் நிரப்பினேன். பன்னிரண்டு அடி! குழிக்குள் எட்டிப் பார்த்தால் மறுபக்கத்தில் அமெரிக்காக்காரன் காப்பி ஆற்றுவது தெரிந்தது.

ஐப்பசி மேகம் கழுகுமலைக்கு மேலே கறுத்து நின்றது. மழை இறங்கினால் குழி முழுக்கச் சேறு. மூடிவிட்டேன். உனக்குச் சேதி சொல்லியனுப்பி இரண்டு நாள் கழித்துத்தான் நீ வந்தாய். டேப்பை நீட்டினாய். அளவுப் புத்தகத்தில் ஐந்தடி என்று எழுதினாய்.

"அடியில இன்னும் ஏழடி இருக்குட்டி" என்றேன்.

"நான் பாக்கலியே மாமா" என்றாய்.

அந்த மூன்று வார்த்தையின் விலை ஒரு லட்சத்து அறுபத்தெட்டாயிரம் ரூபாய். மணல் கொடுத்த லாரிக்கார நல்லக்கண்ணு, தன் எழுபத்திரண்டாயிரத்துக்கு என் கலவை மெஷினை இழுத்துக்கொண்டு போய்விட்டார். என் ஐராவதம் இப்போது அவர் களத்தில் நிற்கிறது. வயிற்றுக்குள் கோழி அடைகாக்கிறது. வைகாசிக்குள் பணம் வராவிட்டால் சிவகாசிக்காரர் ஒருவருக்கு விற்றுவிடுவாராம். மெஷின் இல்லாத காண்ட்ராக்டருக்கு எவன் வேலை கொடுப்பான்?

சாட்சி சொல்ல வருகிறாயே, என்ன சொல்லப்போகிறாய்? அதை மட்டும் எழுது.

இப்படிக்கு,
உன் மாமாவாக இருந்தவன்

பி.கு: உன் அத்தை செண்பகவல்லி நலம் கேட்டாள். அது அவள் கேட்டது. நான் கேட்கவில்லை.


கிருஷ்ணகிரி,
24.11.1999

அன்புள்ள மாமாவுக்கு,

நலம். அத்தை கேட்டதற்குப் பதில் இது. நாக்கில் மேய வரும் ஆடுகளுக்கு உடம்புக்கு ஏதாவது என்றால் சுந்தரநாச்சிபட்டிக்குக் கூட்டிப்போங்கள். ஆஸ்பத்திரி நன்றாக நடக்கிறதாம்.

பார்த்ததைச் சொல்வேன். வேறென்ன சொல்ல முடியும்?

மாட்டாஸ்பத்திரி வேலை இருந்த பிரிவை என் தலையில் கூடுதல் பொறுப்பாகக் கட்டிய அன்றே, ஒப்பந்தக்காரர் என் தாய்மாமா, வேறு ஆளைப் போடுங்கள் என்று எழுதிக் கொடுத்தேன். ஆள் இல்லை என்றார்கள். உங்களுக்கு ஓரங்குலம் கூட்டி எழுதியிருந்தால் மருமகள் எழுதினாள் என்பார்கள். உங்களுக்கும் எனக்கும் சேர்த்துத்தான் அந்தக் கெட்ட பெயர். நீங்கள் சொன்னதை நம்பவில்லை என்றா நினைத்தீர்கள்? நம்பினேன். நம்பினதை எழுத அந்தப் புத்தகத்தில் இடம் கிடையாது.

நீங்கள் பார்க்காத ஒன்று இருக்கிறது. அளவுப் புத்தகம், பக்கம் முப்பத்தேழு. ஐந்தடி என்று எழுதிய வரிக்குக் கீழேயே இதையும் எழுதி, கையெழுத்தும் தேதியும் போட்டிருக்கிறேன்: "நான் வருவதற்கு முன் மணல் நிரப்பப்பட்டிருந்தது. ஐந்தடிக்குக் கீழே உள்ள ஆழத்தை நான் அளக்கவில்லை. சுவர் ஓரத்தில் குழி தோண்டிச் சரிபார்க்கலாம்." உங்களுக்கு அனுப்பிய பில்லில் இந்த வரி வந்திருக்காது. நடுவர் கேட்டால் புத்தகத்தையே வரவழைக்கச் சொல்வேன்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். குழியை மூடுமுன் வந்து அளக்கும்படி பஸ் கண்டக்டரிடம் நீங்கள் சொல்லியனுப்பிய சேதி எனக்குச் செவ்வாய்க்கிழமை மதியமே கிடைத்துவிட்டது. அன்றே வந்திருக்கலாம். எட்டயபுரம் பக்கம் ஒரு சிறுபாலத்துக்குக் கான்கிரீட் போடுகிறார்கள் என்று அங்கே போய்விட்டேன். மறுநாளும் அங்கேதான். வியாழக்கிழமை வந்தேன். அந்தப் புதன்கிழமை இன்னும் என்னைவிட்டுப் போகவில்லை. இதையும் நடுவரிடம் சொல்வேன்.

இப்போது என் கேள்விகள். ஐந்தடிக்குக் கீழே எத்தனை லாரி மணல் போட்டீர்கள்? பன்னிரண்டு அடி என்று யார் அளந்தது? எந்த டேப்பில்?

உங்கள் மருமகளாகவே இருக்கிற,
செல்வி


கோவில்பட்டி,
3.12.1999

முப்பத்தேழாம் பக்கத்து நாயகிக்கு,

உன் கடிதத்தை ஏழு தடவை படித்தேன். எட்டாவது தடவை உன் அத்தையைப் படிக்கச் சொல்லிக் கேட்டேன். அவள், "பிள்ளை இவ்வளவு எழுதி வச்சிருக்கா, நீங்க ஒரு வருசமா அவளுக்குக் கதவடைச்சிட்டு இருந்தியளே" என்று சொல்லிவிட்டுக் கண்ணைத் துடைத்தாள். நம் ஊர்க் கோவிலில் நிற்கும் செண்பகவல்லி அம்மன் பூவனநாத சுவாமியோடு சண்டை போட்டதாகக் கேள்விப்பட்டதில்லை. இந்தச் செண்பகவல்லி எனக்கு மூன்று நாள் ரசம் மட்டும் ஊற்றினாள்.

மாறுதலாகிப் போகும்போது நீ சொல்லிக்கொள்ள வந்தாய். நான் மாடியில் இருந்துகொண்டே இல்லை என்று சொல்லச் சொன்னேன். படியேறிப் பார்க்காமல் திரும்பிப் போனாய். உனக்கு ஒரு புதன்கிழமை என்றால் எனக்கு அது.

சரி, கேள்விக்கு வருகிறேன். மணல் நானூற்று நாற்பது லாரி. ஆறே வற்றிவிட்டது. மீன்கள் என்மேல் வழக்குப் போட்டிருக்கின்றன. நல்லக்கண்ணுவின் நடைச்சீட்டைப் பார்த்தால் நாற்பத்து நாலுதான் இருக்கிறது. மற்ற முந்நூற்றுத் தொண்ணூற்றாறும் என் கண்ணுக்கு மட்டும் தெரிந்தவை.

டேப்பா? அந்த வாரம் என் டேப்பின் முதல் இரண்டடியை எலி கொறித்துவிட்டது. அதனால் என்ன, கிணற்றையே ஆள் கணக்கில் அளக்கிற ஊர் இது. தலைமைக் கொத்தன் வெயிலுமுத்துவும் அவன் மைத்துனன் செண்பகராஜும் குழிக்குள் இறங்கினார்கள்.

"ஏலே வெயிலுமுத்து, அவன் தோள்ல ஏறி நில்லுலே" என்றேன்.

"சர்க்கஸா அண்ணாச்சி நடத்துதிய?" என்றான். ஆனாலும் ஏறி நின்றான். அவன் உச்சந்தலை சரியாகத் தரைமட்டத்துக்கு வந்தது. தலைமேல் ஒரு பலகையை வைத்து ரசமட்டம் போட்டே பார்த்தேன். இரண்டு ஆள் ஆழம். ஆளுக்கு ஆறடி. ஆறும் ஆறும் பன்னிரண்டு. இந்தக் கூட்டலில் தப்பு இருந்தால் காட்டு, ஐராவதத்தை உனக்கே எழுதி வைக்கிறேன்.

இப்படிக்கு,
மறுபடியும் உன் மாமா (சோதனை முறையில்)


கிருஷ்ணகிரி,
13.12.1999

அன்புள்ள மாமாவுக்கு,

ஐராவதத்தை எழுதி வைக்கும் பத்திரத்தைத் தயார் செய்யுங்கள்.

கூட்டல் சரிதான். ஆள்தான் தப்பு. வெயிலுமுத்து அண்ணனை நான் பார்த்திருக்கிறேன். வாசல்படியில் நின்றுகொண்டு என்னோடு பேசினால்தான் அவருக்குக் கழுத்து வலிக்காது. செண்பகராஜ் அவரைவிட ஒரு விரல்கடை கூட இருந்தால் அதிகம். அதுமட்டுமல்ல, ஒருவர் தோள்மேல் இன்னொருவர் நின்றால், கீழே இருப்பவரின் கழுத்தும் தலையும் கணக்கில் வராது.

மணலும் அதையேதான் சொல்கிறது. அந்தக் கட்டடத்தின் பரப்புக்கு, தண்ணீர் விட்டுத் திமிசு போட்டு இறுக்கினால், ஓரடிக்குக் கிட்டத்தட்ட பன்னிரண்டு லாரி வேண்டும். ஏழடிக்கு எண்பது லாரிக்கு மேல். நீங்கள் போட்டது நாற்பத்து நாலு. அது மூன்றே முக்கால் அடியைத்தான் நிரப்பும். ஐந்தும் மூன்றே முக்காலும் எட்டே முக்கால். பன்னிரண்டு அல்ல.

எட்டே முக்கால் என்றால் அடிக்கு இருபத்து நாலாயிரம் வீதம் உங்களுக்குச் சேர வேண்டியது தொண்ணூறாயிரம். அது நியாயமான பாக்கி. நல்லக்கண்ணுவுக்குக் கொடுத்து ஐராவதத்தை மீட்டாலும் மிச்சம் இருக்கும். ஆனால் நீங்கள் பன்னிரண்டு என்று எழுதிக் கொடுத்திருக்கிறீர்கள். நடுவர் குழி தோண்டச் சொல்லி, எட்டே முக்காலில் மணல் நின்றுவிட்டால், மூன்றேகால் அடி பொய் சொன்னவர் மற்ற மூன்றே முக்காலை மட்டும் ஏன் உண்மையாகச் சொல்லியிருக்க வேண்டும் என்று துறை வக்கீல் கேட்பார். நானே கேட்பேன்.

ஜனவரி பத்தாம் தேதிக்குள் என் சாட்சிப் பத்திரத்தை அனுப்ப வேண்டும். இந்த மணல் கணக்கை அதில் எழுதப்போகிறேன். நடுவருக்கு ஒரு நகல், துறைக்கு ஒரு நகல், உங்களுக்கும் ஒரு நகல். துறையின் சாட்சியாக இருந்துகொண்டு உங்களிடம் மட்டும் ரகசியமாக ஒரு கணக்கைச் சொல்ல என்னால் முடியாது. அதனால்தான் மூன்று பேருக்கும். அதற்கு முன்னால் நீங்களாகவே ஒரு திருத்தம் கொடுத்தீர்கள் என்றால் அது உங்கள் கௌரவம். கொடுங்கள் என்று நான் சொல்லவில்லை. சொல்லவும் கூடாது.

செல்வி


கோவில்பட்டி,
22.12.1999

உதவிப் பொறியாளர் அவர்களுக்கு,

தங்கள் கடிதம் கிடைத்தது. போன வருசம் என் குழியில் ஏழடி வெட்டினீர்கள். இந்த வருசம் மூன்றேகால் அடி வெட்டுகிறீர்கள். இப்படியே போனால் அடுத்த வருசம் மாட்டாஸ்பத்திரி அந்தரத்தில் நிற்கும்.

துறைக்காரர்கள் என் ஆழத்தைக் குறைத்தார்கள், பொறுத்துக்கொண்டேன். நல்லக்கண்ணு என் யானையை இழுத்துப் போனார், பொறுத்துக்கொண்டேன். என் அக்கா மகள் கிருஷ்ணகிரியில் உட்கார்ந்துகொண்டு என் கொத்தனின் உயரத்தைக் குறைக்கிறாள். அதை அச்சடித்து எதிரிக்கு ஒரு காப்பியும் அனுப்பப்போகிறாள்!

எனக்கு அக்கா ஒருத்திதான். அவளுக்குப் பிள்ளை இல்லை என்று நினைத்துக்கொள்கிறேன்.

பூவனநாதன்


கோவில்பட்டி,
5.1.2000

செல்வி,

நேற்று வெயிலுமுத்து வீட்டுக்குப் போனேன். கடையில் புது டேப் ஒன்று வாங்கிக்கொண்டு போனேன்.

"நிலையில சாய்ஞ்சு நில்லுலே" என்றேன். "இந்த வயசுலயா அண்ணாச்சி அளக்குதிய? நான் இனி வளரவா போறேன்?" என்றான். நின்றான். நாலடி ஒன்பது அங்குலம். செண்பகராஜைக் கூப்பிட்டு நிறுத்தித் தோள்வரை அளந்தேன். சரியாக நாலடி.

எட்டடி ஒன்பது அங்குலம். நீ மணலை வைத்துக் கண்டுபிடித்ததும் அதுதான்.

இருபத்திரண்டு வருசமாக இவனோடு வேலை பார்க்கிறேன். சாரத்தின் மேலேதான் எப்போதும் அவனைப் பார்த்திருக்கிறேன். கீழே நின்று அண்ணாந்து பார்த்தே பழகியதில், இவன் உயரம் எனக்குத் தெரியாமலேயே போய்விட்டது.

நான் வேண்டுமென்று கூட்டவில்லை. அதை நீ நம்ப வேண்டும். ஆனால் பன்னிரண்டு என்று மனுவில் எழுதும்போது அந்த எண் எனக்குப் பிடித்திருந்தது. அதுவும் உண்மை.

இன்று காலை பதிவுத் தபாலில் நடுவருக்குத் திருத்தம் அனுப்பிவிட்டேன். துறைக்கு நகல். ஆழம் எட்டடி ஒன்பது அங்குலம், அளந்த விதம் இன்னது, முன்பு எழுதியது தப்பு, கேட்கும் தொகை தொண்ணூறாயிரம். இதோடு அதன் நகல் இருக்கிறது.

என் அக்காவுக்குப் பிள்ளை உண்டு. போன கடிதத்தைக் கிழித்துப் போடு.

மாமா


கிருஷ்ணகிரி,
6.2.2000

அன்புள்ள மாமாவுக்கு,

கிழிக்கவில்லை. பத்திரமாக வைத்திருக்கிறேன். உங்கள் அறுபதாம் கல்யாணத்தில் மைக் வைத்துப் படிக்க வேண்டும்.

திருநெல்வேலியில் விசாரணை முடிந்ததும் உங்களோடு பேசாமல் பஸ் ஏறிவிட்டேன் என்று அத்தைக்கு வருத்தமாம். வழக்கு நடக்கும்போது சாட்சியும் வாதியும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து காப்பி குடித்தால் பார்க்கிறவர்கள் என்ன நினைப்பார்கள்? நீங்களும் அந்தப் பக்கத்துத் தூணுக்குப் பின்னால் ஒளிந்து நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள். தூண் உங்களைவிட ஒல்லி.

துறை வக்கீல் கேட்டது உங்களுக்குக் காதில் விழுந்ததா என்று தெரியவில்லை. நீங்கள் வெளியே இருந்தீர்கள்.

"இவர் உங்க தாய்மாமாதானே?"

"ஆமா சார்."

"அப்ப மாமாவுக்காகத்தான் இந்த முப்பத்தேழாம் பக்கக் குறிப்பை எழுதினீங்களா?"

"மாமாவுக்காக எழுதுததா இருந்தா அன்னைக்கே பன்னிரண்டுன்னு எழுதியிருப்பேன் சார். மாமாவும் என்னை ஒரு வருசம் வீட்டுக்குள்ள விடாம இருந்திருக்க மாட்டாவ."

நடுவர் சிரிக்கவில்லை. குனிந்து ஏதோ எழுதினார். பிறகு துறை ஆட்களைப் பார்த்து, "இந்தப் பக்கத்தின் நகலை ஏன் ஒப்பந்தக்காரருக்குக் கொடுக்கவில்லை?" என்று மட்டும் கேட்டார். பதில் வரும்வரை பேனாவை மூடிக் கையில் வைத்துக்கொண்டு காத்திருந்தார். அவர்கள் கோப்பைப் புரட்டிக்கொண்டே இருந்தார்கள். அதையும் எழுதிக்கொண்டார். நான் சேதி கிடைத்தும் இரண்டு நாள் தாமதித்ததைச் சொன்னபோதும் அதே மாதிரித்தான் எழுதிக்கொண்டார்.

அவரும் இஞ்சினியர்தான் மாமா. ஆனால் அந்த அறையில் மனிதர் நீங்கள் ஒருவர் மட்டும் இல்லை என்று எனக்குத் தோன்றியது.

மாசியில் குழி தோண்டுவதாக உத்தரவு. எனக்கு லீவு கிடைக்காது. என்ன நடந்தது என்று நீங்கள்தான் எழுத வேண்டும். எப்படி வேண்டுமானாலும் எழுதுங்கள், எண்களை மட்டும் தொடாமல் விட்டுவிடுங்கள்.

செல்வி


கோவில்பட்டி,
1.3.2000

மணலை எண்ணியே ஆழம் கண்ட மருமகளுக்கு,

நேற்று நடந்த மாபெரும் குழி வைபவத்தைச் சொல்கிறேன், உட்கார்ந்து படி.

நடுவர் ஜெபதுரை ஐயாவுக்குத் துறை ஜீப் அனுப்பியது. நான் சும்மா இருப்பேனா, வாடகைக் கார் ஒன்று அனுப்பினேன். இரண்டும் கோவில்பட்டி பஸ் நிலையத்தில் முறைத்துக்கொண்டு நிற்க, அவர் கழுகுமலை பஸ்ஸில் கம்பியைப் பிடித்து நின்றுகொண்டே சுந்தரநாச்சிபட்டி வந்து இறங்கிவிட்டார். வெயில் அன்றைக்கு எரிமலையைத் தலையில் கவிழ்த்தது. இளநீர் நீட்டினேன். "வேண்டாம்" என்றார். துறைத் தரப்பில் வந்த செயற்பொறியாளர் டீ நீட்டினார். "வேண்டாம்" என்றார். தூக்குச்சட்டியில் தானே கொண்டுவந்த மோரைக் குடித்தார். குழி வெட்டுகிற கூலி ஆளுக்குப் பாதி என்று அங்கேயே வசூல் செய்துவிட்டார். நூற்றுப் பத்து ரூபாய். எண்ணைத் தொடவில்லை, பார்த்துக்கொள்.

முதலில் சுவர்களைச் சுற்றி வந்தார். ஒரு கீறல் இல்லை. மாட்டுக்கு ஊசி போட வந்திருந்த வெயிலம்மாள் என்கிற கிழவி, "மாட்டாஸ்பத்திரியில மனுசருக்கு என்ன சோலி?" என்று கேட்டாள். விசயத்தைச் சொன்னோம். "எங்க தெருவுல கட்டுன சத்துணவுக் கூடத்தப் பாருங்கய்யா. அதே வருசம் கட்டுனது. சொவத்துக்குள்ள கைய விட்டு அந்தப் பக்கம் போறவனுக்கு வெத்தல கொடுக்கலாம்" என்றாள். ஐயா அங்கேயும் போனார். கையை விட்டார். வெற்றிலை கொடுக்கவில்லை, விரிசலின் அகலத்தை அளந்து எழுதிக்கொண்டார். அந்தக் கட்டடம் எஸ்டிமேட்டில் உள்ள ஐந்தடிதான் என்று செயற்பொறியாளரே ஒப்புக்கொண்டார்.

பிறகு ஆஸ்பத்திரியின் மேற்குச் சுவர் ஓரமாகக் குழி. மூன்றடி, நாலடி, ஐந்தடி. ஐந்துக்குக் கீழே மணல் தெரிந்ததும் செயற்பொறியாளர் கைக்குட்டையால் முகத்தைத் துடைத்தார். ஆறு. ஏழு. மணல். எட்டு. மணல். அப்போது என் இதயம் அடித்த அடி பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையில் எதிரொலித்திருக்கும். எட்டரை. மணல். இங்கேயே மணல் நின்றுவிட்டால்? இன்னும் நாலு வெட்டில் கடப்பாரை 'ணங்' என்று சுக்கானில் மோதியது. ஐயா செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு ஏணியில் இறங்கினார். இரும்பு டேப்பை அவரே பிடித்தார். மூன்று இடத்தில் அளந்தார்.

"எட்டடி பத்தங்குலம்" என்றார் மேலே பார்த்து. "நீங்க ஒன்பது அங்குலம்னுல்ல எழுதியிருக்கீங்க? ஓரங்குலம் குறையுதே."

"அது கவர்மெண்டுக்கு என் அன்பளிப்பு ஐயா" என்றேன்.

அப்போதுதான் அவர் சிரித்தார். செயற்பொறியாளரும் சிரித்துவிட்டார், பாவம். அவரும் முன்னால் இருந்தவர்கள் எழுதிவிட்டுப் போனதைத் தூக்கிச் சுமக்கிற ஆள்தானே.

ஐயா ஏணியேறி வந்து, "பன்னிரண்டுன்னே விட்டிருந்தா இன்னைக்கு நான் என்ன செஞ்சிருப்பேன்னு எனக்கே தெரியல" என்று மெல்லச் சொன்னார். எனக்கு மட்டும் கேட்கும்படி இல்லை. எல்லோருக்கும் கேட்கும்படிதான்.

செல்வி, நான் அந்தக் குழி ஓரத்தில் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டேன். வெயிலுமுத்து தண்ணீர் கொடுத்தான். தன் உயரம் சர்க்கார் கோப்பில் ஏறிவிட்டது என்று அவனுக்கு ஒரே பெருமை.

மாமா


கோவில்பட்டி,
12.5.2000

செல்விக்கு,

தீர்ப்பு வந்துவிட்டது. ஒன்பது பக்கம். ஐயா எனக்கும் ஒரு குட்டு, துறைக்கும் ஒரு குட்டு. இரண்டும் ஒரே கை, ஒரே வலி.

மூன்றே முக்கால் அடிக்கு ஒப்பந்த வீதப்படி தொண்ணூறாயிரம் தர வேண்டும். மூடுவதற்கு முன் எழுத்து மூலம் தெரிவிக்காமல் பஸ் கண்டக்டரிடம் சொல்லியனுப்பியது என் தப்பு. சேதி கிடைத்தும் உடனே ஆள் வராதது துறையின் தப்பு. நான் பன்னிரண்டு என்று சொல்லிக்கொண்டிருந்த காலத்துக்கு வட்டி கிடையாது; திருத்தம் கொடுத்த தேதியிலிருந்து உண்டு. முப்பத்தேழாம் பக்கத்தை மறைத்ததற்குத் துறை விசாரணைச் செலவைத் தர வேண்டும். உன் பெயர் இரண்டு இடத்தில் வருகிறது. ஒன்றில் தாமதித்தவர் என்று. இன்னொன்றில் தாமதத்தைத் தானே சொன்னவர் என்று.

எனக்குக் கோபம் வரும் என்று காத்திருந்து பார்த்தேன், வரவில்லை. என்னைக் குட்டிய இடத்திலெல்லாம் நான் குட்டு வாங்க வேண்டியவன்தான்.

துறை மூன்று மாதத்துக்குள் கோர்ட்டுக்குப் போகலாமாம். அதுவரை பணம் வராது. தீர்ப்பின் நகலை எடுத்துக்கொண்டு நல்லக்கண்ணுவிடம் போனேன். கண்ணாடி போட்டு ஒன்பது பக்கமும் படித்தார். "என் நாப்பத்து நாலு சீட்டும் இதுல ஏறியிருக்கே அண்ணாச்சி!" என்றார். "சிவகாசிக்காரர்கிட்ட இல்லன்னு சொல்லிருதேன். ஆவணி வரைக்கும் பொறுக்கேன். கோழி மட்டும் உங்க மெசினவிட்டு வர மாட்டேங்குது."

மாமா


கிருஷ்ணகிரி,
30.5.2000

அன்புள்ள மாமாவுக்கு,

தாமதித்தவர் என்று வந்த வரியைப் படித்ததும் எனக்கு அழுகை வரும் என்று நினைத்தேன். தூக்கம்தான் வந்தது. நன்றாகத் தூங்கினேன்.

தீர்ப்பின் கடைசிப் பக்கத்தை நீங்கள் படிக்காமல் விட்டிருப்பீர்கள். பணம் முடிந்த இடத்தில் படிப்பை நிறுத்திவிடுகிற ஆள் நீங்கள். கரிசல் மண்ணில் எஸ்டிமேட் போடுவதற்கு முன் சோதனைக் குழி வெட்ட வேண்டும், அஸ்திவாரத்தை மூடுவதற்கு முன் அளவுக்கோலை நிறுத்திப் போட்டோ எடுத்து இரு தரப்பும் கையெழுத்திட வேண்டும் என்று நடுவர் பரிந்துரைத்திருக்கிறார். பரிந்துரைதான், கட்டாயமில்லை. ஆனால் இங்கே எங்கள் அலுவலகத்துக்கே அது சுற்றறிக்கையாக வந்துவிட்டது. கூட வேலை பார்க்கிற சுகுணா, "உங்க ஊரு மாட்டாஸ்பத்திரியா?" என்று கேட்டாள். ஆமாம், எங்கள் மாமா கட்டியது என்றேன்.

துறை கோர்ட்டுக்குப் போகுமா என்று எனக்குத் தெரியாது. தெரிந்தாலும் சொல்ல மாட்டேன். நீங்களும் கேட்காதீர்கள்.

ஆவணியில் ஊருக்கு வருகிறேன். மாடிக்கு ஏறி வருவேன்.

செல்வி


கோவில்பட்டி,
27.8.2000

என் அக்காவின் ஒரே பிள்ளைக்கு,

துறை கோர்ட்டுக்குப் போகவில்லை. செவ்வாய்க்கிழமை செக் வந்தது. புதன்கிழமை ஐராவதம் வந்தது. (புதன்கிழமை என்பதைக் கவனி. இனி அது நல்ல கிழமை.) மெஷினைத் தெரு வழியாக இழுத்து வந்தபோது கோவில்பட்டியே இரண்டு பக்கமும் நின்று பூத்தூவியது. யானை, குதிரை, ஆயிரம் மேளம். உன் அத்தை ஆரத்தி எடுத்தாள். அது நிஜம். மற்றதெல்லாம் உனக்கே தெரியும்.

அந்தக் கோழியும் கூடவே வந்துவிட்டது. வயிற்றுக்குள் நானூறு முட்டை இட்டு வைத்திருந்தது.

அடுத்த வேலை கிடைத்துவிட்டது. ரேஷன் கடைக் கட்டடம். டெண்டருக்கு முன்னாலேயே சோதனைக் குழி வெட்டி, எஸ்டிமேட்டில் ஏழடி என்று போட்டுத்தான் கொடுத்தார்கள். நம்ப முடிகிறதா? நேற்றுக் குழி முடிந்தது. எழுத்து மூலம் தெரிவித்தேன். கிடைத்ததற்குக் கையெழுத்தும் வாங்கிக்கொண்டேன். கொடுத்த நேரத்துக்கே அங்கத்திய உதவிப் பொறியாளர் வந்தார். ஜோஸ்வின் ஸ்டுடியோக்காரரை வரவழைத்துப் போட்டோ எடுத்தேன். இதோடு ஒன்று இருக்கிறது. அளவுக்கோலுக்குப் பக்கத்தில் நெஞ்சை நிமிர்த்தி நிற்பவன் வெயிலுமுத்து. "நான் இல்லாம என்ன அளவு அண்ணாச்சி?" என்று அவனாகவே இறங்கிவிட்டான். நிற்கட்டும். ஆனால் கோலைத்தான் பார்த்து எழுதினோம்.

ஆழம் ஏழடி இரண்டு அங்குலம்.

அவ்வளவுதான் செல்வி. குழிக்குள் எட்டிப் பார்த்தேன். அமெரிக்காக்காரன் யாரும் தெரியவில்லை. சுக்கான்தான் தெரிந்தது. அதைப் பார்க்கவே நன்றாக இருந்தது.

மாடிக்கதவைத் திறந்தே வைத்திருக்கிறேன். காற்று வருவதற்காக என்று உன் அத்தையிடம் சொல்லியிருக்கிறேன்.

மாமா

பி.கு: திருத்தம். முட்டை பதினொன்று.